‘நான்கு வாரத்துக்குள்’ என்றால் எத்தனை வாரம்?

எனக்குத் தெரிந்த ஓய்வுபெற்ற ஆசிரியர் ஒருவரிடம் ஒரு பிளாஸ்டிக் கவர் இருக்கிறது. உள்ளே உயர் நீதிமன்ற உத்தரவின் சான்றிட்ட நகல், அதற்கு மூன்று ஜெராக்ஸ், அப்புறம் ஊதா மையில் அலுவலக முத்திரை குத்தித் திரும்பி வந்த தபால் ஒப்புகை அட்டை. தேர்வுநிலை ஊதிய நிலுவைக்காக மதுரைக் கிளையில் போட்ட ரிட் மனுவில் (அரசுக்கு உத்தரவிடக் கோரும் மனு) அவர் ஜெயித்துவிட்டார். ‘இந்த உத்தரவின் நகல் கிடைத்த நாளிலிருந்து நான்கு வாரத்துக்குள் நிலுவையை வழங்க வேண்டும்’ என்பது கடைசிப் பத்தி. அந்த வரிக்குக் கீழே பென்சிலால் கோடு போட்டு வைத்திருந்தார். காலண்டரிலும் 28 நாள் எண்ணி ஒரு தேதியை வட்டமிட்டிருந்தார்.

பணம் கைக்கு வரப் பதினான்கு மாதம் ஆனது. அதுவும் நீதிமன்ற அவமதிப்பு மனு போட்டு, இரண்டு வாய்தா முடிந்து, மூன்றாவது வாய்தாவுக்கு நான்கு நாள் இருக்கும்போது.

உயர் நீதிமன்றப் பக்கம் போய்வருகிறவர்களுக்கு இது செய்தியே இல்லை. ‘ஆர்டர் வாங்கியாச்சு’ என்று கட்சிக்காரர் சந்தோஷப்படும்போதே அனுபவப்பட்ட வக்கீல் அடுத்த மனுவுக்கும் ஃபீஸ் எவ்வளவு ஆகும் என்று சொல்லிவைத்துவிடுவார். உத்தரவில் இருக்கும் கெடு ஒன்று, அலுவலகம் மனதுக்குள் வைத்திருக்கும் கெடு இன்னொன்று. அவமதிப்பு மனுவுக்கு நம்பர் விழுந்து நோட்டீஸ் வரும்போதுதான் அந்த இரண்டாவது கெடுவின் கடிகாரம் ஓடத் தொடங்குகிறது. நீதிபதியைத் திட்டியவர்களைத் தண்டிக்கத்தான் அவமதிப்புச் சட்டம் என்று பொதுவாக ஒரு நினைப்பு இருக்கிறது. நடைமுறையில் அது பெரும்பாலும், உத்தரவு வாங்கியவர் தன் உத்தரவை நகர்த்தப் பிடித்துத் தள்ளும் கம்பியாகத்தான் இருக்கிறது.

நீதிமன்ற அவமதிப்புச் சட்டம், 1971 அவமதிப்பை இரண்டாகப் பிரிக்கிறது. நீதிமன்றத்தை இழிவுபடுத்துவது, நீதி நிர்வாகத்தில் குறுக்கிடுவது போன்றவை குற்றவியல் அவமதிப்பு. தொலைக்காட்சி விவாதங்களில் அடிபடுவது இதுதான். மற்றது உரிமையியல் அவமதிப்பு. நீதிமன்றத்தின் தீர்ப்பு, ஆணை, உத்தரவு எதையாவது வேண்டுமென்றே மீறுவதும், நீதிமன்றத்துக்குக் கொடுத்த உறுதிமொழியை வேண்டுமென்றே மீறுவதும் இதில் வரும். பிரிவு 2(ஆ) சொல்வது இவ்வளவுதான். கெடுவுக்குள் செய்யாமல் விடுவதும் மீறல்தான், அதில் சந்தேகமில்லை. சிக்கல் முழுவதும் ‘வேண்டுமென்றே’ என்ற சொல்லில் குடியிருக்கிறது.

சட்டம் தண்டிப்பது தாமதத்தை இல்லை, தாமதத்துக்குப் பின்னால் இருக்கும் மனதை. ஒரு அதிகாரி உத்தரவைப் படித்தார், புரிந்துகொண்டார், செய்ய முடிந்தும் செய்யாமல் இருந்தார் என்று மனுதாரர் காட்ட வேண்டும். அரசு அலுவலகத்திலோ யாருமே ‘செய்ய மாட்டேன்’ என்று எழுதுவதில்லை. ந.க. எண் போட்டுக் கோப்பு திறக்கப்படும். இருக்கை எழுத்தர் குறிப்பு வைப்பார். கண்காணிப்பாளர் ‘அரசு வழக்கறிஞரின் கருத்துரை பெறலாம்’ என்பார். கருத்துரை வந்ததும் ‘நிதித்துறையின் ஒப்புதலுக்கு அனுப்பலாம்’ என்று ஒரு குறிப்பு ஏறும். எல்லாக் கையெழுத்தும் ஒழுங்காக இருக்கும், எல்லாத் தேதியும் இருக்கும். கெடு மட்டும் தாண்டியிருக்கும். இதில் ‘வேண்டுமென்றே’ எந்தப் பக்கத்தில் இருக்கிறது என்று விரலை வைத்துக் காட்டுவது லேசு இல்லை.

ஆனாலும் இந்தச் சாக்கை உச்ச நீதிமன்றம் அப்படியே ஏற்றுக்கொண்டதும் இல்லை. உயர் பாதுகாப்பு நம்பர் பிளேட் திட்டத்தை மாநிலங்கள் இழுத்தடித்த வழக்கில், 2011ல், மெத்தனம், அறியாமை, அலுவலகத் தாமதம், ஊக்கமின்மை இதெல்லாம் அவமதிப்பு வழக்கில் எதிர்வாதம் ஆகாது என்று அது சொன்னது. ஹரியாணாவின் போக்குவரத்துத் துறை உயரதிகாரிக்கு 2,000 ரூபாய் அபராதம், மாநில அரசுக்கு 50,000 ரூபாய் செலவுத்தொகை. அவமதிப்பு மனு எழுதும் வக்கீல்களுக்கு இந்தத் தீர்ப்பு கைக்கு அடக்கமான ஆயுதம். அதே சமயம், உத்தரவுக்கு இரண்டு விதமாக அர்த்தம் சொல்ல இடமிருந்தால் மீறல் வேண்டுமென்றே நடந்தது என்று சொல்லிவிட முடியாது என்ற தீர்ப்புகளும் வரிசையாக இருக்கின்றன. அரசுத் தரப்பு வக்கீல் கையில் அவை இருக்கும்.

நம்மூர் வழக்குகளில் தாமதம் எந்தெந்த வழியாக நுழைகிறது என்று பார்த்தால் முதல் வாசல், ‘நகல் கிடைத்த நாளிலிருந்து’ என்ற சொற்றொடர். உத்தரவு திறந்த நீதிமன்றத்தில் வாசிக்கப்பட்டாலும், அரசு வக்கீல் அங்கேயே நின்றிருந்தாலும், நாள் எண்ணுவது நகல் போய்ச் சேர்ந்த பிறகுதான். அதனால்தான் ஆசிரியரின் பிளாஸ்டிக் கவரில் அந்த ஒப்புகை அட்டைக்கு உத்தரவு நகலைவிட மதிப்பு அதிகம். அட்டை தொலைந்தால், ‘எங்களுக்கு நகலே வரவில்லை’ என்ற ஒற்றை வரியில் மூன்று மாதம் போய்விடும். விவரம் தெரிந்தவர்கள் நகலைத் தபாலில் அனுப்பிவிட்டு, நேரிலும் போய் தபால் பிரிவில் கொடுத்து, தங்கள் பிரதியில் முத்திரை வாங்கிக்கொள்வார்கள்.

அடுத்தது இடமாறுதல். அவமதிப்பு வழக்கு பதவியின் மீது இல்லை, ஆளின் மீது. தண்டனை என்று வந்தால் உள்ளே போக வேண்டியவர் ஒரு மனிதர், நாற்காலி இல்லை. அதனால் மனுவில் எதிர்மனுதாரரைப் பெயரோடு சேர்க்க வேண்டும். ஆசிரியரின் வழக்கில் ஆறாவது மாதம் அதிகாரி மாறினார். புதியவருக்கு உத்தரவு பற்றி ஒன்றும் தெரியாது, அல்லது தெரியாது என்று சொல்ல அவருக்கு உரிமை உண்டு. அவர் பெயருக்கு மறுபடி ஒரு கடிதம், மறுபடி ஒரு நகல், மறுபடி ஓர் அட்டை. பழையவரைக் கேட்டால் ‘நான் அந்த இடத்திலேயே இல்லை’ என்பார், புதியவரைக் கேட்டால் ‘நான் வந்தே ரெண்டு மாசம்தான்’ என்பார். இரண்டும் உண்மை.

மூன்றாவது, மேல்முறையீடு. அப்பீல் போட்டாலே உத்தரவு நின்றுவிடும் என்ற நினைப்பு அலுவலகங்களில் ஆழமாக ஊறிக் கிடக்கிறது. சட்டம் அப்படிச் சொல்லவில்லை. தடை உத்தரவு தனியாக வாங்க வேண்டும். வாங்காதவரை பழைய உத்தரவு உயிரோடுதான் இருக்கிறது. உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 41ஆவது கட்டளையில் இது தெளிவாகவே எழுதியிருக்கிறது. நடப்பது என்னவென்றால், கெடு தாண்டிப் பல மாதம் கழித்து, அவமதிப்பு நோட்டீஸ் வந்த பிறகு, தாமதத்தை மன்னிக்கக் கோரும் மனுவோடு சேர்த்து ஓர் அப்பீல் பேப்பர் தயாராகும். அதற்கு நம்பர்கூட ஆகியிருக்காது. ‘அப்பீல் ஃபைல் பண்ணியிருக்கோம், மை லார்ட்’ என்பார்கள். நீதிபதி மூன்று வாரம் தள்ளிவைப்பார். தடை கேட்கும் மனு நிலுவையில் இருந்தால் முதலில் அதை விசாரித்துவிட்டு அவமதிப்பை எடுப்பது நல்லது என்று உச்ச நீதிமன்றமே சொல்லியிருப்பதால், தள்ளிவைத்த நீதிபதியைக் குறை சொல்லவும் முடியாது.

நான்காவது வழிதான் இருப்பதிலேயே நேர்த்தியானது. ரிட் மனுக்களில் பெரும் பகுதி, ‘மனுதாரரின் கோரிக்கையைத் தகுதியின் அடிப்படையிலும் சட்டப்படியும் பரிசீலித்து உரிய உத்தரவு பிறப்பிக்க வேண்டும்’ என்று முடியும். பணத்தைக் கொடு என்று இல்லை, பரிசீலி என்றுதான் சொல்கிறது. அலுவலகம் ஒரு வருஷம் பேசாமல் இருக்கும். அவமதிப்பு நோட்டீஸ் போனதும் ஒரே வாரத்தில் ‘செயல்முறைகள்’ என்ற தலைப்போடு, பார்வை 1, பார்வை 2 என்று அடுக்கி, ஓர் ஆணை வரும். கடைசி வரி: ‘எனவே மனுதாரரின் கோரிக்கையை ஏற்க இயலவில்லை எனத் தெரிவிக்கப்படுகிறது.’ பரிசீலித்தாயிற்று, உத்தரவு நிறைவேறிவிட்டது! அந்த ஆணை தப்பாகவே இருந்தாலும் அது புதிய வழக்குக்கான காரணமே தவிர அவமதிப்பு ஆகாது என்று 1996லேயே உச்ச நீதிமன்றம் தீர்த்துவைத்துவிட்டது. மனுதாரர் தொடங்கிய இடத்துக்கே திரும்பி வந்து நிற்பார், வயது மட்டும் இரண்டோ மூன்றோ கூடியிருக்கும்.

இதெல்லாம் ஏதோ ஒரு கீழ்நிலை அலுவலகத்தின் சோம்பல் என்று நினைத்தால், 2018ஆம் வருஷத்துக் காவிரிக் கதையைப் பார்க்க வேண்டும். இங்கே எதிர்மனுதாரர் நாட்டின் அமைச்சரவைச் செயலாளர்.

2018 பிப்ரவரி 16 அன்று உச்ச நீதிமன்றம் காவிரி வழக்கில் இறுதித் தீர்ப்பு சொன்னது. தமிழ்நாட்டின் பங்கு 192 டி.எம்.சி.யிலிருந்து 177.25 ஆகக் குறைந்தது. குறைந்ததையாவது ஒழுங்காக வாங்கித் தர ஓர் அமைப்பு வேண்டுமே, அதற்கு ஆறு வாரத்தில் ஒரு ‘ஸ்கீம்’ வகுக்க வேண்டும் என்று மத்திய அரசுக்கு உத்தரவு. எந்தக் காரணத்துக்காகவும் கால நீட்டிப்பு கிடையாது என்றும் தீர்ப்பிலேயே எழுதியிருந்தது. இதைவிடக் கறாராக ஒரு கெடு எழுத முடியாது.

மார்ச் 29 அன்று ஆறு வாரம் முடிந்தது, ஒன்றும் வரவில்லை. மார்ச் 31 அன்று தமிழ்நாடு அவமதிப்பு மனு போட்டது. அதே நாளில் மத்திய அரசும் உச்ச நீதிமன்றத்துக்குப் போனது, ‘ஸ்கீம்’ என்ற சொல்லுக்கு விளக்கம் கேட்டு. காவிரி நடுவர் மன்றம் முன்பு சொன்ன காவிரி மேலாண்மை வாரியம்தான் ஸ்கீமா, வேறு மாதிரியும் இருக்கலாமா என்பது கேள்வி. கூடவே கர்நாடகத் தேர்தலைக் காட்டி மூன்று மாத அவகாசமும் கேட்டது. ஆறு வாரமாக வராத சந்தேகம் கெடு முடிந்த இரண்டாம் நாள் வந்தது. ‘இரண்டு அர்த்தம்’ என்ற எதிர்வாதம் எங்கிருந்து பிறக்கிறது என்று இப்போது புரியும். ஒரு சொல்லைப் பிடித்துக்கொண்டு விளக்கம் கேட்டுவிட்டால், மீறியது வேண்டுமென்றே இல்லை, புரியாததால் என்று ஆகிவிடுகிறது.

நீதிமன்றம் மே 3க்குள் வரைவைத் தாக்கல் செய்யச் சொன்னது. மே 3 அன்று, வரைவு அமைச்சரவை முன் இருக்கிறது, பிரதமரும் அமைச்சர்களும் கர்நாடகத்தில் பிரசாரத்தில் இருப்பதால் ஒப்புதல் வாங்க முடியவில்லை என்று தலைமை வழக்கறிஞர் சொன்னார். மே 12 அன்று கர்நாடகத்தில் வாக்குப்பதிவு. மே 14 அன்று நீர்வளத் துறைச் செயலர் வரைவோடு நீதிமன்றத்தில் நின்றார். தேர்தல் முடிந்து இரண்டே நாள். யாரும் எதையும் சொல்லத் தேவையில்லாத இடைவெளி அது.

மே 18 அன்று வரைவுக்கு ஒப்புதல் கிடைத்தது, அவமதிப்பு மனுவும் அத்தோடு முடிந்தது. யாருக்கும் தண்டனை இல்லை. ஜூன் 1 அன்று காவிரி நீர் மேலாண்மை ஆணையம் அரசிதழில் வந்தது. ஆறு வாரம் பதினைந்து வாரம் ஆகியிருந்தது. அவமதிப்பு மனு தோற்றதா ஜெயித்ததா? தண்டனை என்ற அளவில் பார்த்தால் ஒன்றுமே நடக்கவில்லை. ஆனால் அந்த மனு இல்லாமல் ஜூன் 1 அன்று அரசிதழ் வந்திருக்கும் என்று நான் நம்பவில்லை. மேட்டூர் திறக்க வழக்கமான நாள் ஜூன் 12 என்பதை நினைத்துப் பார்த்தால், டெல்டா விவசாயிக்கு அந்த மனுவின் அருமை தெரியும்.

இதே காவிரியில் இன்னொரு காட்சியும் உண்டு. 2002ல் தண்ணீர் திறக்கச் சொன்ன உத்தரவு விஷயத்தில் கர்நாடக முதல்வராக இருந்த எஸ்.எம். கிருஷ்ணா உச்ச நீதிமன்றத்தில் நிபந்தனையற்ற மன்னிப்பு கேட்க வேண்டியிருந்தது. மன்னிப்பும் சட்டத்திலேயே இருக்கும் கதவுதான். நீதிமன்றம் திருப்தியடைந்தால் மன்னிப்பை ஏற்று விட்டுவிடலாம். உண்மையாகக் கேட்ட மன்னிப்பாக இருந்தால், அதில் ‘ஆனால்’ இருக்கிறது என்பதற்காக மட்டும் தள்ளிவிடக் கூடாது என்றுகூட 12ஆம் பிரிவின் விளக்கம் சொல்கிறது. அதனால் அரசுத் தரப்புப் பிரமாணப் பத்திரங்களில் எல்லாம் மன்னிப்பு ஒரு நிரந்தரப் பத்தி. முந்தைய பத்திரத்திலிருந்து அப்படியே எடுத்து ஒட்டியது சில சமயம் அப்பட்டமாகத் தெரியும், வேறு ஆளின் பெயரோடு.

சரி, மன்னிப்பை ஏற்காவிட்டால் என்ன தண்டனை? ஆறு மாதம் வரை வெறுங்காவல் (கடின வேலை இல்லாத சிறை), அல்லது 2,000 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். உரிமையியல் அவமதிப்பில் அபராதம் போதாது என்று தோன்றினால் மட்டும் சிறை. இந்த 2,000 ரூபாய் 1971ல் பிறந்ததுகூட இல்லை. வெள்ளைக்காரன் காலத்து 1926ஆம் வருஷச் சட்டத்தில் இருந்த அதே தொகை. பவுன் பதினைந்து ரூபாயைச் சுற்றி விற்ற காலம் அது. 2,000 ரூபாய்க்கு நூறு பவுனுக்கு மேல் வாங்கலாம். அந்த அபராதம் ஒரு ஆளின் சொத்தையே கேட்டது. இன்று அந்தப் பணத்துக்குக் கால் கிராம் தங்கம்கூட வராது. 2022 ஜூலையில் விஜய் மல்லையாவுக்குத் தண்டனை அறிவித்தபோது, உத்தரவை மீறி 4 கோடி டாலரைப் பிள்ளைகள் பெயருக்கு மாற்றியதற்காக, நான்கு மாதச் சிறையோடு உச்ச நீதிமன்றம் விதித்த அபராதம் 2,000 ரூபாய். சட்டத்தில் அதற்கு மேல் இடமில்லை.

ஆக, பயம் இருப்பதெல்லாம் சிறையின் பக்கம்தான். அதுவும் உள்ளே போவதைவிட, போகக்கூடும் என்பதில். அனில் அம்பானி வழக்கு இதற்கு நல்ல உதாரணம். எரிக்சன் நிறுவனத்துக்கு 550 கோடி ரூபாய் தருவதாக அவருடைய ரிலையன்ஸ் கம்யூனிகேஷன்ஸ் ஒப்புக்கொண்டது. 2018 செப்டம்பர் 30 கெடு போனது, நீட்டித்துக் கொடுத்த டிசம்பர் 15ம் போனது. 2019 பிப்ரவரி 20 அன்று உச்ச நீதிமன்றம் அவமதிப்பு உறுதி என்றது. நான்கு வாரத்துக்குள் பாக்கி 453 கோடியைக் கட்டு, இல்லாவிட்டால் மூன்று மாதம் சிறை. கெடு முடிய ஒரு நாள் இருக்கும்போது, மார்ச் 18 அன்று, அண்ணன் முகேஷ் கைகொடுத்து, பணம் கட்டப்பட்டது. ஐந்தாறு மாதமாக இல்லாத பணம்! தீர்ப்பை நிறைவேற்றித் தரக் கோரும் நிறைவேற்று மனு போட்டு, சொத்தைத் தேடி, ஜப்தி செய்து வாங்கியிருந்தால் எத்தனை வருஷம் ஆகியிருக்கும் என்று ‘ஈ.பி.’ என்று சொல்லப்படும் அந்த மனுவை நடத்திப் பழகியவர்கள் சொல்வார்கள்.

இதனால்தான் நீதிமன்றங்களுக்கே இந்த ஆயுதம் மீது ஒரு கூச்சம் உண்டு. அவமதிப்பு மனு நிறைவேற்று மனுவுக்கு மாற்று இல்லை என்று திரும்பத் திரும்பச் சொல்லியிருக்கிறார்கள். முதல் உத்தரவில் இல்லாத எதையும் அவமதிப்பு விசாரணையில் புதிதாகக் கொடுக்கவும் கூடாது. 2024 ஜனவரி 3 அன்று, உத்தரப் பிரதேச அதிகாரிகளை அலகாபாத் உயர் நீதிமன்றம் காவலில் வைத்த விவகாரத்தில் தீர்ப்பளித்த உச்ச நீதிமன்றம், அதிகாரிகளை நேரில் கூப்பிடுவதற்கு ஒரு நடைமுறையையே வகுத்துக் கொடுத்தது. முடிந்தவரை காணொலி, எடுத்த எடுப்பிலேயே ஆஜராகச் சொல்வதற்குப் பதில் முதலில் விளக்கம் கேட்டு நோட்டீஸ், காரணமில்லாமல் உடை பற்றிய கிண்டல் வேண்டாம், நியாயமான காரணம் காட்டினால் கெடுவைத் திருத்திக் கேட்க இடம் கொடு என்றெல்லாம். அதிகாரிகளை நாள் முழுக்க நிற்கவைத்து அவமானப்படுத்திய காட்சிகள் நடக்கத்தான் செய்தன, அதனால் இந்தக் கட்டுப்பாடு தேவைதான். ஆனால் பாதிக்கப்பட்டவர் பக்கம் நின்று பார்த்தால், ‘நேரில் வர வேண்டும்’ என்ற அந்த ஒரு வரிதான் கோப்பை எழுந்து நடக்கவைத்த வரி. அது அரிதாகிவிட்டால் அந்த இடத்தில் வேறு ஏதாவது அழுத்தம் வர வேண்டும். இதுவரை வந்ததாக எனக்குத் தெரியவில்லை.

அங்கொன்றும் இங்கொன்றுமாகக் கடுமை தெரியத்தான் செய்கிறது. 2025 மார்ச்சில் ஜம்மு காஷ்மீர் தினக்கூலிகள் வழக்கு உச்ச நீதிமன்றத்துக்கு வந்தது. அவர்கள் கோரிக்கையைப் பரிசீலிக்கச் சொன்ன உயர் நீதிமன்ற உத்தரவு 2007 மே மாதத்தது. அதை நிறைவேற்றாமல், ஒன்றுக்கு மேல் ஒன்றாக நிராகரிப்பு ஆணைகள் போட்டே பதினாறு வருஷம் ஓட்டியிருந்தார்கள். நான் மேலே சொன்ன ‘நேர்த்தியான’ வழியேதான். அதிகாரிகளின் பிடிவாதத்தைக் கண்டித்த நீதிமன்றம் 25,000 ரூபாய் செலவுத்தொகை விதித்து, அதைப் பொறுப்பான அதிகாரிகளிடமிருந்தே வசூலிக்கச் சொன்னது; அவமதிப்பு வழக்கை வாராவாரம் விசாரிக்கவும் சொன்னது. அதே வருஷம் மே மாதம், உயர் நீதிமன்ற உத்தரவை மீறிக் குண்டூர் மாவட்டத்தில் குடிசைகளை இடித்த ஆந்திர அதிகாரி ஒருவரை, துணை ஆட்சியர் நிலையிலிருந்து தாசில்தாராகப் பதவியிறக்கி ஒரு லட்சம் ரூபாய் கட்டச் சொன்னது. சட்டப் புத்தகத்தில் இல்லாத தண்டனை, ஆனால் அலுவலகங்களில் 2,000 ரூபாயைவிட நூறு மடங்கு புரிந்திருக்கும். ஜூலையில் சென்னை உயர் நீதிமன்றம், சென்னைப் பெருநகர வளர்ச்சிக் குழுமத்தின் (சி.எம்.டி.ஏ.) முன்னாள் உறுப்பினர் செயலர் ஒருவருக்கு ஒரு மாத வெறுங்காவல் விதித்தது. கோரிக்கையைக் குறித்த காலத்துக்குள் பரிசீலிக்கச் சொன்ன உத்தரவைச் செய்யாமல் விட்டதுதான் விஷயம். மனுதாரர்களுக்கு 25,000 ரூபாய் இழப்பீடும் உண்டு. மேல்முறையீட்டுக்கு வழிவிட்டுத் தண்டனை அப்போதே நிறுத்திவைக்கப்பட்டது.

அலுவலகத்தின் பக்கமும் ஒரு நியாயம் இருக்கிறது, அதையும் சொல்லிவிட வேண்டும். ஒரு மாவட்ட அதிகாரியின் மேசைக்கு வரும் உத்தரவில் ‘வழங்குக’ என்று இருக்கும், வழங்கும் அதிகாரம் அவரிடம் இருக்காது. நிதி ஒதுக்குவது ஒரு துறை, விதி தளர்த்துவது இன்னொரு துறை, அரசாணை போடுவது கோட்டையில். நடுவில் ஒருவர் ஒரு கேள்வி எழுப்பித் திருப்பி அனுப்பினால் கோப்பு முதல் படிக்கு வந்துவிடும். அவமதிப்பு நோட்டீஸில் பெயர் இருப்பதோ கடைசிப் படியில் இருப்பவருக்கு. தவறாகக் கொடுத்துவிட்டால் ஆடிட் ஆட்சேபம் அவர் ஓய்வூதியத்தில் வந்து நிற்கும். கொடுக்காமல் இழுத்தால் கடைசியில் ஒரு மன்னிப்புப் பத்தியோடு தப்பிக்கலாம். கூட்டிக் கழித்துப் பார்த்தால் இழுப்பதுதான் அவருக்குப் பத்திரம். சோம்பல் இல்லாத ஆளும் இந்தக் கணக்கில் தாமதத்தையே தேர்ந்தெடுப்பார்.

மனுதாரருக்கு இருக்கும் கணக்கு வேறு, அது இதைவிடக் கொடியது. அவமதிப்பு நடந்த நாளிலிருந்து ஒரு வருஷம் முடிந்துவிட்டால் நீதிமன்றம் நடவடிக்கை தொடங்க முடியாது, 20ஆம் பிரிவு. மனுவை ஒரு வருஷத்துக்குள் தாக்கல் செய்திருந்தால் போதும் என்று 2001ல் உச்ச நீதிமன்றம் விளக்கம் கொடுத்தது, நல்லவேளை. இல்லாவிட்டால் பட்டியலில் வராமலே பாதி மனுக்கள் செத்திருக்கும். ஆனால் ‘உத்தரவை இன்னும்தானே நிறைவேற்றவில்லை, மீறல் தினமும் தொடர்கிறதே’ என்று சொல்லி ஒரு வருஷத்துக்குப் பிறகு வருவது எளிதில்லை. 2024 ஜூலையில் தெலங்கானா வழக்கு ஒன்றில் அந்த வாதத்தை உச்ச நீதிமன்றம் ஏற்கவில்லை. கெடு முடிந்த நாளில் மீறல் நடந்தது. அதன் விளைவு தொடர்வதால் மீறலே தொடர்கிறது என்று ஆகாது.

இதில் மாட்டுவது யார் என்று பாருங்கள். சண்டைக்காரர் மாட்டுவதில்லை, அவர் முப்பதாவது நாளே மனுப் போட்டுவிடுவார். ‘அடுத்த மாசம் பில் போட்டுடுவோம் சார், எதுக்குக் கோர்ட்டு கீர்ட்டுன்னு’ என்று பிரிவில் சொன்னதை நம்பி, அதிகாரிகளிடம் பகை வேண்டாம் என்று காத்திருக்கும் சாதுவான ஆள்தான் மாட்டுவார். நம் ஆசிரியர் அந்த ரகம். பதினொன்றாவது மாதம் தற்செயலாக வக்கீலுக்கு போன் போட்டார். ‘கெடு என்னைக்கு முடிஞ்சுது சார்? அட்டையில தேதி என்ன?’ என்று கேட்ட வக்கீல், மறுநாளே வந்து கையெழுத்துப் போடச் சொன்னார். பன்னிரண்டாவது மாதத்தைத் தொடுவதற்குப் பத்து நாள் இருக்கும்போது மனு உள்ளே போனது.

பணம் வங்கியில் ஏறிய அடுத்த வாரம் மூன்றாவது வாய்தா. ஆசிரியர் மாட்டுத்தாவணியில் இறங்கி, வேறு பஸ் பிடித்து ஒத்தக்கடை போய், அந்த பிளாஸ்டிக் கவரோடு நீதிமன்றத்தின் பின்வரிசையில் உட்கார்ந்திருந்தார். அரசு வக்கீல் எழுந்து, உத்தரவு நிறைவேற்றப்பட்டுவிட்டது, இணக்க அறிக்கை தாக்கல் செய்திருக்கிறோம் என்றார். இவருடைய வக்கீல் தொகை வந்துவிட்டதை ஒப்புக்கொண்டார். மனு முடித்துவைக்கப்பட்டது. எல்லாம் சேர்ந்து ஒரு நிமிஷம்கூட ஆகவில்லை, அடுத்த வழக்கைக் கூப்பிட்டுவிட்டார்கள்.

வராந்தாவுக்கு வந்ததும் அவர் வக்கீலைக் கேட்டார், “தம்பி, நாலு வாரம்னு போட்டிருந்தாங்க. மிச்ச ஒரு வருஷத்துக்கு வட்டி கிட்டி ஏதும் கிடையாதா?”

வக்கீல் கட்டைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டே சொன்னார், “ஆர்டர்ல வட்டி சொல்லலியே சார். கன்டெம்ப்ட்ல அதைக் கேட்க முடியாது. வேணும்னா முதல்ல ஒரு மனு எழுதி ஆபீஸ்ல கொடுங்க, பதில் வரலைன்னா அதுக்குத் தனியா ஒரு ரிட் போடலாம்.”